நடுவீட்டிற்கு வந்த நாய்க்குட்டி

பத்தாம் வகுப்பு ‘அ’ பிரிவு மாணவி

முன்னுரை

“நாய் வாலை நிமிர்த்த முடியாது” என்பது நாம் அனைவரும் அறிந்த பழமொழி. “நாயைக் குளிப்பாட்டி நடுவீட்டில் வைத்தாலும்” என்று தொடங்கும் இன்னொன்றையும் கேட்டிருக்கிறோம். பிறவிக் குணம் மாறாது என்பதற்கு நம் முன்னோர் நாயையே உவமை காட்டினர். ஆயினும் அதன் நன்றியை அவர்கள் மறந்தாரில்லை. தன் உடலில் வேல் தைத்திருக்கும் போதும் தலைவனைக் கண்டு வால் குழைக்கும் நாயைப் போன்றவரின் நட்பே கொள்ளத்தக்கது என்பது நாலடியார் கூறும் கருத்து. திருமறையிலே தோபித்து நூலில், இளைஞன் தோபியா வானதூதர் இரபேலுடன் நெடும்பயணம் புறப்பட்டபோது நாயும் உடன் சென்றது என்று வாசிக்கிறோம்.

இத்தகைய நன்றியுள்ள பிராணியும் ஒரு வீட்டிற்குத் தொல்லையாக முடியலாம். கடந்த ஆண்டு எங்கள் வீட்டில் அவ்வாறே நேர்ந்தது. சித்தப்பாவின் தோட்டத்தில் பிறந்த நாட்டு நாய்க்குட்டி ஒன்றை இரண்டு மாதம் நிறைந்ததும் கொண்டு வந்து, மணி என்று பெயரிட்டு வளர்த்தோம். அதற்கு ஐந்து மாதம் ஆனபோது ஒரு நாள் மாலை, எங்கள் அப்பத்தா கூடத்தில் நடந்து வருகையில் மணி ஆசையோடு ஓடிவந்து அவர்கள் மேல் தாவியது. அப்பத்தாவோ முன்பே இடுப்பெலும்பு முறிந்து, அறுவை சிகிச்சை செய்துகொண்டு, ஊன்றுகோல் கொண்டு நடப்பவர்கள். நிலை தடுமாறிப் பக்கத்திலிருந்த கட்டிலின் மேல் விழுந்தார்கள். இறைவன் அருளால் எலும்புக்கு ஒன்றும் ஆகவில்லை. மணிக்கட்டு மட்டும் வீங்கியது. கட்டில் அங்கே இல்லாதிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று எண்ணவே எங்களுக்கு நடுக்கமாக இருந்தது.

அன்றிரவு அப்பா, “ஒரு மாதம் பார்ப்போம். அதற்குள் இது தாவுவதை விடாவிட்டால் தோட்டத்துக்கே திருப்பி அனுப்பி விடுவோம்” என்று சொன்னார்கள். அவர்கள் சொன்னதில் நியாயம் இருந்ததால் எங்களால் மறுத்துப் பேச முடியவில்லை. அந்த ஒரு மாதத்தில் நாங்கள் படித்ததையும், கேட்டதையும், செய்து பார்த்ததையும் தொகுத்து இக்கட்டுரையில் தருகிறோம்.

குட்டி வருமுன் செய்ய வேண்டியவை

நாய்க்குட்டியை எட்டு வாரம் நிறையுமுன் தாயிடமிருந்து பிரிக்கக் கூடாது. தாயோடும் உடன்பிறந்த குட்டிகளோடும் விளையாடும் போதுதான், எவ்வளவு அழுத்திக் கடித்தால் வலிக்கும் என்பதை அது கற்கிறது.

குட்டி வருவதற்கு முன்பே அதற்கென்று ஓர் இடத்தைத் தயார் செய்ய வேண்டும். ஆள் நடமாட்டம் குறைந்த ஒரு மூலையும், மடித்துப் போட்ட பழைய சாக்கும், கவிழாத தண்ணீர்ப் பாத்திரமும் போதும். மின்கம்பி, மருந்து, செருப்பு முதலியவற்றை அதற்கு எட்டாத இடத்தில் வைக்க வேண்டும். சாக்லேட், வெங்காயம், திராட்சை ஆகியவை நாய்க்கு நஞ்சாகும். வேகவைத்த கோழி எலும்பு கூர்மையாக உடைந்து குடலைக் கிழிக்கக் கூடும். இவற்றை அன்பின் மிகுதியாலும் கொடுக்கலாகாது.

கால்நடை மருத்துவரிடம் காட்டுவதை ஒத்திப்போடக் கூடாது. பூச்சி மருந்து கொடுக்க வேண்டும். பார்வோ, டிஸ்டம்பர் முதலிய நோய்களுக்கான தடுப்பூசிகள் 6 முதல் 8 வார வயதில் தொடங்கிச் சில வார இடைவெளியில் மீண்டும் போடப்படும். வெறிநோய்த் தடுப்பூசி மூன்று மாதம் ஆனதும் போட வேண்டும். பிறகு மருத்துவர் கூறும் காலத்தில் தவறாமல் தொடர வேண்டும்.

இவை எல்லாவற்றினும் முக்கியமானது ஒன்று உண்டு. வீட்டிலுள்ள அனைவரும் ஒன்றாக உட்கார்ந்து, குட்டியை எங்கே விடலாம், எங்கே விடக்கூடாது, யார் உணவு கொடுப்பது, என்ன சொல்லால் அழைப்பது என்று முன்கூட்டியே முடிவு செய்து கொள்ள வேண்டும். நாங்கள் செய்யத் தவறியது இதுவே. அதன் விளைவைப் பின்னர் அனுபவித்தோம்.

முதல் நாளும் முதல் வாரமும்

புதுக்குட்டி வந்ததும் தெருப் பிள்ளைகள் எல்லாரும் கூடி நின்று, ஒருவர் கையிலிருந்து மற்றவர் கைக்கு மாற்றித் தூக்குவது வழக்கம். எங்கள் வீட்டிலும் அப்படித்தான் நடந்தது. ஆனால் அப்போதுதான் தாயைப் பிரிந்து வந்த குட்டிக்கு அது பெரும் கலக்கத்தை உண்டாக்கும். முதல் நாள் அதைத் தன் மூலையில் விட்டு, அதுவாக வெளியே வந்து வீட்டை முகர்ந்து பார்க்க நேரம் கொடுக்க வேண்டும். வீட்டார் ஒவ்வொருவராகத் தரையில் உட்கார்ந்து, குட்டி தானே அருகில் வரும் வரை காத்திருக்க வேண்டும். நாம் கீழே உட்கார்ந்தால் அதற்குத் தாவ வேண்டிய தேவையே இல்லை. தாவாமல் பழகும் முதற்பாடம் அன்றே தொடங்கிவிடுகிறது.

அமெரிக்காவில் ஸ்காட், புல்லர் என்னும் இரு அறிஞர்கள் பல ஆண்டுகள் நாய்க்குட்டிகளை ஆராய்ந்து, 1965-இல் தங்கள் முடிவுகளை நூலாக வெளியிட்டனர். ஏறத்தாழ மூன்றாவது வாரம் முதல் பன்னிரண்டாவது வாரம் வரை உள்ள காலத்தில் குட்டி யார் யாரோடு பழகுகிறதோ அவர்களையே தன் கூட்டமாக ஏற்றுக்கொள்கிறது என்று அவர்கள் கண்டனர். ஆகையால் அந்தச் சிறு பருவத்தில் முதியோர், குழந்தைகள், ஊன்றுகோல், குடை, துடைப்பம், குக்கர் விசில் ஆகிய அனைத்தையும் அச்சமின்றி அறிமுகம் செய்துவிட வேண்டும். ஐந்தில் வளையாதது ஐம்பதில் வளையுமா என்பது நமக்கு மட்டும் சொன்னதன்று.

வீட்டில் முன்பே வளரும் பிராணி

எங்கள் வீட்டில் மணிக்கு முன்பே வெள்ளச்சி என்னும் பூனை இருந்தது. புதியது வந்தவுடன் பழையதைக் கையில் பிடித்துக் கொண்டுபோய், முகத்துக்கு முகம் காட்டினோம். வெள்ளச்சி சீறி எங்கள் கையைப் பிறாண்டிவிட்டு ஓடியது. மூன்று நாள் பரணிலிருந்து இறங்கவே இல்லை.

சரியான முறை வேறு. முதலில் இரண்டையும் ஒன்றையொன்று காணாதபடி தனித்தனி அறையில் வைக்க வேண்டும். நாய் படுத்த சாக்குத் துண்டைப் பூனையின் அருகிலும், பூனை படுத்த துணியை நாயின் அருகிலும் போட வேண்டும். பிராணிகள் கண்ணைவிட மூக்கினால்தான் முதலில் அறிமுகம் செய்துகொள்கின்றன. அடுத்து, மூடிய கதவின் இரு பக்கத்திலும் இரண்டிற்கும் உணவு வைக்கலாம். மற்றதன் வாசனை வரும் போதெல்லாம் நல்ல உணவும் வருகிறது என்று இரண்டும் கற்றுக்கொள்ளும். இப்படிச் சில நாள் அமைதியாகச் சென்ற பிறகே, நாயைக் கழுத்துப்பட்டையும் வாரும் போட்டுப் பிடித்துக்கொண்டு சிறிது நேரம் நேரில் காட்ட வேண்டும். பூனை தாவி ஏறிக்கொள்ள உயரமான இடம் ஒன்று எப்போதும் இருக்க வேண்டும். பூனை ஓடினால் நாய் துரத்தும். அதற்கு இடம் கொடுக்கக் கூடாது. பூனை சீறினால் அதை அடிக்கக் கூடாது. “அருகே வராதே” என்பதை அது தன் மொழியில் சொல்கிறது. நாமும் விருந்தினர் வந்தவுடன் நம் தட்டையும் படுக்கையையும் அவருக்குக் கொடுத்துவிடச் சொன்னால் முகம் சுளிக்க மாட்டோமா?

சில வீடுகளில் ஒரு வாரத்தில் பழகிவிடும். சில வீடுகளில் மாதங்கள் ஆகும். முழு நம்பிக்கை ஏற்படும் வரை இரண்டையும் தனியே விட்டுச் செல்லக் கூடாது.

நாய் ஏன் தாவுகிறது?

நாய் ஓநாயின் வழியில் வந்தது. மனிதன் பயிர்த்தொழில் செய்யத் தொடங்குமுன்பே அது அவனோடு சேர்ந்துவிட்டது. செருமனி நாட்டில் பான் நகருக்கு அருகே ஓபர்காசல் என்னுமிடத்தில் 1914-இல் ஒரு பழைய புதைகுழி கிடைத்தது. அதில் ஓர் ஆணும் ஒரு பெண்ணும், அவர்களோடு ஒரு நாயும் புதைக்கப்பட்டிருந்தனர். அது ஏறத்தாழ 14,000 ஆண்டுகளுக்கு முற்பட்டது.

வேட்டை முடிந்து பெரிய ஓநாய்கள் திரும்பி வரும்போது குட்டிகள் ஓடிச்சென்று அவற்றின் வாயோரத்தை நக்கும். உடனே பெரியவை தாம் விழுங்கி வந்த இறைச்சியைக் கக்கி ஊட்டும். பசியோடு தொடங்கிய இப்பழக்கம் நாளடைவில் அன்புடன் வரவேற்கும் வணக்கமாயிற்று. நாய்க்குட்டியும் தாயின் வாயை இவ்வாறே முகர்ந்து நக்குகிறது. நம் முகமோ அதற்கு எட்டாத உயரத்தில் இருக்கிறது. ஆகவே அது தாவுகிறது. நம்மை அடக்கி ஆளும் எண்ணத்தால் அது தாவுவதில்லை. முகத்தருகே வந்து வணக்கம் சொல்லவே தாவுகிறது. எனவே நாம் செய்ய வேண்டியது, அந்த வணக்கத்தை வேறு விதமாகச் சொல்லக் கற்பிப்பதே.

தாவக் கற்பித்தவர் யார்?

அப்பா கொடுத்த ஒரு மாதத்தில் முதல் வாரம் நாங்கள் மணியை ஒன்றும் செய்யவில்லை. பழைய நோட்டு ஒன்றை எடுத்து, மணி தாவும் ஒவ்வொரு முறையும் மூன்று செய்திகளைக் குறித்தோம். யார் மேல் தாவியது, எப்போது தாவியது, தாவியவுடன் அவர் என்ன செய்தார் என்பவை அவை. அந்த வாரம் அப்பத்தா நடமாடும் வேளையில் மட்டும் மணியைச் சன்னல் கம்பியில் கட்டி வைத்தோம்.

ஒரு வாரத்தில் 52 முறை தாவியிருந்தது. மூன்றாவது செய்தியைப் படித்துப் பார்த்தபோதுதான் எங்களுக்கு வெட்கமாக இருந்தது. பள்ளி விட்டு வந்ததும் வாயிற்படியிலேயே நின்று, “மணி!” என்று கைதட்டி, அதன் முன்னங்கால்களைப் பிடித்துத் தூக்கி ஆட வைத்தவர்கள் நாங்கள்தாம். தம்பி தன் நெஞ்சைத் தட்டித் தட்டித் தாவச் சொன்னான். அம்மா இரு கைகளாலும் தள்ளிவிட்டார்கள். மணி அதை விளையாட்டு என்று எண்ணி மீண்டும் வந்தது. அப்பா உரக்கச் சத்தம் போட்டார்கள். மணியும் சேர்ந்து குரைத்தது. அதன் கணக்கில் அதுவும் ஒரு பேச்சுத்தானே!

இன்னும் ஒன்று தெரிந்தது. காலையில் காபி குடிக்கும்போது, கட்டிப் போட்டிருந்த மணி எட்டும் தூரத்தில் நாற்காலியைப் போட்டுக்கொண்டு, அது முன்னங்கால்களைத் தூக்கி மடியில் வைக்கும் போதெல்லாம் ரஸ்க்கில் ஒரு துண்டு கொடுத்து வந்தவர்கள் எங்கள் அப்பத்தாவே! நோட்டைப் படித்துக் காட்டியதும் அப்பத்தா சிரித்து, “அப்ப என்னயத் தள்ளிவிடச் சொல்லி நானேதான் பழக்கியிருக்கேனாக்கும்!” என்றார்கள்.

அமெரிக்க அறிஞர் தார்ன்டைக் என்பவர் 1898-இல் பூனைகளைக் கொண்டு செய்த சோதனை இதை நன்கு விளக்குகிறது. பசித்த பூனையைப் பெட்டிக்குள் அடைத்து வெளியே உணவு வைத்தார். உள்ளே இருந்த வளையத்தை இழுத்தாலோ மிதிகட்டையை அழுத்தினாலோ கதவு திறக்கும். முதலில் பூனை கண்டபடி பிறாண்டியது. தற்செயலாகக் கதவு திறந்தது. திரும்பத் திரும்ப அடைத்தபோது, வீணான செயல்கள் குறைந்து, கதவைத் திறக்கும் செயல் விரைவாக வந்தது. இன்பமான பலனைத் தரும் செயல் வலுப்பெறும் என்பது அவர் கண்ட விதி. மணிக்கு நம் முகம், குரல், கை, ரஸ்க் ஆகிய எல்லாமே பலன்தான்.

அவருக்குப் பின்வந்த ஸ்கின்னர் என்பவர் எலிகளையும் புறாக்களையும் கொண்டு மேலும் ஓர் உண்மையைக் காட்டினார். எப்போதும் பலன் தரும் செயலைவிட, எப்போதாவது பலன் தரும் செயலே நெடுநாள் நிலைத்து நிற்கும். பரிசுச் சீட்டு வாங்கும் பழக்கம் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. என்றோ ஒரு நாள் விழுந்த சிறு பரிசை நினைத்தே ஒருவர் பல நாள் பணத்தை இழப்பார். வீட்டில் நால்வர் கண்டிப்பாக இருந்து, ஐந்தாமவர் மட்டும் “பாவம், குட்டிதானே” என்று கொஞ்சினால், நாயின் தாவல் முன்னைவிட உறுதிப்படும். ஆகவே நாயைப் பழக்குவதற்கு முன் வீட்டாரைப் பழக்க வேண்டும்.

தாவாமல் பழக்கும் முறை

இரண்டாவது வாரத்திலிருந்து நாங்கள் கைக்கொண்ட முறை வருமாறு:

1. மரம்போல் நிற்றல். நாய் தாவியதும் கைகளைக் கட்டிக்கொண்டு, முகத்தைத் திருப்பி, ஒரு சொல்லும் பேசாமல் நிற்க வேண்டும். பார்க்கவும் கூடாது, தள்ளவும் கூடாது.

2. நான்கு கால்களும் தரையில் படும் நொடிக்குக் காத்திருத்தல். பட்டவுடனே குனிந்து, தாழ்வாகக் கையை நீட்டி, மெல்லிய குரலில் பேசிக் கழுத்தைத் தடவ வேண்டும். சிறிது நேரம் கடந்து தடவினால் எதற்காகத் தடவினோம் என்று நாய்க்குப் புரியாது. மீண்டும் தாவினால் மீண்டும் மரமாக வேண்டும்.

3. உட்காரக் கற்பித்தல். உணவுத் துண்டை அதன் மூக்கருகே காட்டி, தலைக்கு மேலாக மெல்லப் பின்னோக்கி நகர்த்தினால், தலை உயர உயரப் பின்புறம் தானாகத் தரையில் அமரும். அந்த நொடியில் துண்டைக் கொடுக்க வேண்டும். உட்கார்ந்திருக்கும் நாயால் தாவ முடியாது. வேண்டாத செயலின் இடத்தில் வேண்டிய செயலை வைப்பதே இதன் நுட்பம்.

4. ஒரே சொல். எங்கள் வீட்டில் அப்பா “சிட்” என்றார்கள். அம்மா “உட்காரு” என்றார்கள். தம்பி “கீழே, கீழே” என்றான். மணிக்கு எந்த மொழியும் தெரியாது. ஒரே ஒலி ஒரே பொருளோடு வந்தால்தான் அது கற்கும். கடைசியில் “உட்காரு” என்பதையே அனைவரும் ஏற்றோம்.

5. வாயிற்படியில் அமைதி. வெளியிலிருந்து வரும் நாம் ஆரவாரம் செய்யாமல் உள்ளே வந்து, பையை வைத்து, கைகால் கழுவிய பின்பே நாயிடம் செல்ல வேண்டும்.

6. விருந்தினர் வரும்போது வார். அழைப்பு மணி அடித்தவுடன் நாய்க்கு வாரைப் போட்டுவிட வேண்டும். அது உட்கார்ந்த பிறகு மட்டும் தொடும்படி விருந்தினரிடம் பணிவாகக் கூற வேண்டும். “பரவாயில்லை, எனக்கு நாய் என்றால் பிடிக்கும்” என்று அவர்கள் சொன்னாலும் நாம் தளரக் கூடாது. அவர்களுக்கு அடுத்து வருபவர் ஒரு கர்ப்பிணியாகவோ கைக்குழந்தையோடு வருபவராகவோ இருக்கலாம் அல்லவா?

7. போதிய ஓட்டமும் நடையும். நாள் முழுவதும் கட்டிப்போட்ட நாய் அவிழ்த்தவுடன் தாவத்தான் செய்யும். காலையும் மாலையும் நடக்க அழைத்துச் சென்றால் பாதித் துடுக்கு அடங்கிவிடும்.

இந்த முறையில் ஒரு சோதனை உண்டு. இரண்டாவது வாரம் மணி தாவியது குறையவில்லை. 61 முறை ஆயிற்று! அப்பா நோட்டைப் பார்த்துவிட்டு ஒன்றும் பேசாமல் வைத்துவிட்டார்கள். நாங்கள் அன்று சரியாகச் சாப்பிடவில்லை. பின்னர்தான், வழக்கமாகக் கிடைத்த பலன் நின்றவுடன் பிராணிகள் அதே செயலைச் சிறிது காலம் முன்னிலும் அதிகமாகச் செய்து பார்க்கும் என்று அறிந்தோம். திறக்காத கதவை நாம் மேலும் வேகமாகத் தட்டுவதில்லையா? அந்த நேரத்தில் மனம் தளர்ந்து கதவைத் திறந்துவிட்டால், இன்னும் பலமாகத் தட்ட வேண்டும் என்றே நாய் கற்கும். பொறுத்திருந்தால் வெற்றி நமதே. மூன்றாவது வாரம் 23 முறையும், நான்காவது வாரம் 6 முறையும் தாவியது. அந்த ஆறும் வீட்டிற்குப் புதிதாக வந்தவர்கள் மேல்தான்.

செய்யத் தகாதவை

முழங்காலால் நெஞ்சில் இடிப்பதும், பின்னங்காலை மிதிப்பதும் தாவலை நிறுத்தும் என்று சிலர் கூறுவர். இவை காயம் உண்டாக்கக் கூடியவை. அன்றியும், வணக்கம் சொல்ல வந்தவனை அடித்தால் அவன் அடுத்த முறை அஞ்சுவான். அஞ்சிய நாய் கடிக்கும். தாவும் நாயைத் திருத்தப் போய்க் கடிக்கும் நாயை உண்டாக்குவது அறிவுடைமை ஆகாது.

புனித தொன்போஸ்கோ 1877-இல் எழுதிய கல்வி முறையை இங்கு நினைவு கூரலாம். தவறு நேர்ந்தபின் தண்டிப்பதைவிட, தவறு நேராதபடி அருகிலிருந்து காப்பதே மேல் என்றும், அறிவு, சமயம், அன்பு ஆகிய மூன்றுமே அதற்கு அடிப்படை என்றும் அவர் கூறினார். அவர் சிறுவர்களுக்காகச் சொன்னதில் அருகிலிருந்து காத்தல் என்பது நாய்க்குட்டிக்கும் பொருந்துகிறது. அவருக்கு ஆபத்து வந்த வேளைகளில் சாம்பல் நிற நாய் ஒன்று தோன்றிக் காத்தது என்பதும் அவரது வரலாற்றில் காணப்படுகிறது.

தாவும்போது நகம் கீறினாலும் பல் பட்டாலும் அலட்சியம் செய்யக் கூடாது. உடனே காயத்தைச் சோப்பும் ஓடும் தண்ணீரும் கொண்டு 15 நிமிடம் கழுவி, மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும். சுண்ணாம்பு, மிளகாய்த்தூள் முதலியவற்றைத் தடவலாகாது. வெறிநோயின் அறிகுறி தோன்றிவிட்டால் பிழைப்பது மிக அரிது. ஆனால் உரிய காலத்தில் தடுப்பூசி போட்டுக்கொண்டால் அதை முற்றிலும் தடுக்கலாம். 1885 ஜூலை 6-ஆம் நாள் லூயி பாஸ்டர் 9 வயதுச் சிறுவன் யோசேப்பு மைஸ்டருக்கு முதன்முதல் அந்தச் சிகிச்சையைத் தொடங்கினார். நம் மாநிலத்தில் குன்னூரில் 1907 முதல் அவர் பெயரால் ஒரு நிலையம் இயங்கி வருகிறது.

இன்னொரு செயல் மிகவும் கொடியது. குட்டியாக இருக்கும்போது கொஞ்சிவிட்டு, பெரிதாகித் தாவத் தொடங்கியதும் தொலைவில் கொண்டுபோய் விட்டுவிடுவோர் உள்ளனர். உணவும் நீருமின்றி வாடும்படி ஒரு பிராணியைக் கைவிடுவது 1960-ஆம் ஆண்டின் மிருகவதைத் தடைச் சட்டப்படி குற்றமாகும். சட்டம் இல்லாவிட்டாலும் அது பாவமே. நாம் கற்றுக்கொடுத்த குற்றத்திற்கு நாயைத் தண்டிப்பது எவ்விதத்தில் நீதி?

முடிவுரை

நான்காவது வாரத்தின் இறுதியில் ஒரு நாள் காலை, அப்பத்தா ஊன்றுகோலோடு கூடத்தின் குறுக்கே நடந்து வந்தார்கள். அப்போது மணி கட்டப்படவில்லை. ஆனால் எங்களில் ஒருவர் அதன் வாரைக் கையில் பிடித்திருந்தோம். அது எழுந்தது, வாலை ஆட்டியது, அப்பத்தாவின் முகத்தை நிமிர்ந்து பார்த்தது, பிறகு தானாகவே தரையில் உட்கார்ந்தது. அப்பத்தா நாற்காலியில் அமர்ந்து, ரஸ்க்கில் ஒரு துண்டை உடைத்துத் தாழ்வாக நீட்டினார்கள்.

அன்று மாலை வேலை முடிந்து வந்த அப்பாவைக் கண்டதும் மணிக்கு ஆவல் தாங்கவில்லை. முன்னங்கால்கள் இரண்டும் தூக்கி எழுந்துவிட்டது. அப்பா சத்தம் போடவில்லை. பையைக் கீழே வைத்து, கைகளைக் கட்டிக்கொண்டு, சுவரைப் பார்த்து மரம்போல் நின்றார்கள். நான்கு கால்களும் தரையில் பட்டதும் குனிந்து அதன் கழுத்தைத் தடவிக் கொடுத்தார்கள். தோட்டத்திற்கு அனுப்பும் பேச்சு அதன்பின் எழவே இல்லை.

நாய் வாலை நிமிர்த்த முடியாது என்பது உண்மையாகவே இருக்கட்டும். வளைந்த வாலால் யாருக்கும் தீங்கில்லை. திருந்த வேண்டியது நம் கையும், நம் குரலும், ஆளுக்கொரு விதமாக நடக்கும் நம் வழக்கமுமே. எங்கள் தம்பிக்கு நாங்கள் ஒன்று சொல்ல, அம்மா ஒன்று சொல்ல, அப்பா ஒன்று சொல்ல, அவன் யாரையும் கேட்காமல் போவதும் இதனால்தானோ என்று இப்போது எங்களுக்குத் தோன்றுகிறது. வீடு ஒரு மனமாக இருந்தால் வாயில்லாப் பிராணியும் நல்வழி கற்கும்.

அன்புத் தோழியரே! அக்டோபர் 4-ஆம் நாள் பிராணிகளை உடன்பிறப்பாக நேசித்த அசிசி நகர்ப் புனித பிரான்சிசின் திருநாள். இந்த ஆண்டு அந்த நாளில் உங்கள் வீட்டிற்கு ஒரு குட்டியை அழைத்து வர எண்ணினால், முதலில் வீட்டிலுள்ள அனைவரையும் ஒன்றாக உட்கார வைத்துப் பேசுங்கள். குட்டி அதன் பிறகு வரட்டும்!